பல்லக்கு போன பிறகு: மைசூர் வீணை வானொலிக்குக் குடிபெயர்ந்த கதை

மைசூர் வீணையின் வரலாற்றை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் வீணை சேஷண்ணாவின் பல்லக்கோடு நின்றுவிடுகிறார்கள். பரோடா மன்னர் சாயாஜிராவ் கெய்க்வாட் அவருக்கு ஒரு பல்லக்கைப் பரிசளித்தார். ஊர் திரும்பியதும் அதில் ஏறி அரண்மனைக்கு ஊர்வலமாக வரவேண்டும் என்று மைசூர் மன்னர் விரும்பினார். சேஷண்ணாவோ வீணையைப் பல்லக்கில் ஏற்றிவிட்டுத் தாம் பின்னால் நடந்தே போனாராம். அழகான கதை, உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் பல்லக்குக் காலம் முடிந்த பிறகு அந்த வீணைக்கு யார் சம்பளம் கொடுத்தார்கள் என்பதை நாம் அவ்வளவாகக் கேட்பதில்லை. அந்தக் கேள்விக்கு நல்ல விடை வீணைக் கலைஞர் வி. துரைசாமி ஐயங்காரின் (1920–1997) வாழ்க்கையில் கிடைக்கிறது.

முதலில் சேஷண்ணா (1852–1926). தகப்பனார் சிக்கராமப்பா அரண்மனை வைணிகர், அதாவது வீணை வித்வான். வாய்ப்பாட்டைச் சொல்லிக்கொடுத்தவர் மைசூர் சதாசிவராவ். பைரவி வர்ணத்தால் பெயர்பெற்ற பச்சிமிரியம் ஆதியப்பய்யா வரை தங்கள் வம்சம் போகிறது என்பது அந்தக் குடும்பத்தின் நம்பிக்கை. மைசூர் மன்னர் நால்வடி கிருஷ்ணராஜ உடையார் சேஷண்ணாவுக்கு 'வைணிக சிகாமணி' என்ற பட்டம் கொடுத்தார். வீடு, சம்பளம், நவராத்திரிக் கச்சேரி, சால்வை எல்லாமே ஒரே இடத்திலிருந்து வந்தன. அரண்மனைக்கு வெளியே டிக்கெட் வாங்கி வீணை கேட்கும் கூட்டம் என்ற ஒன்று அப்போது மைசூரில் பெரிதாக உருவாகியிருக்கவில்லை.

இந்த மரபில் கவனிக்க வேண்டிய திருப்பம் அடுத்த தலைமுறையில் நடந்தது. சேஷண்ணாவின் பேரன் ஸ்வரமூர்த்தி வி.என். ராவும் வீணைக் கலைஞர்தான். ஆனாலும் பாணியின் முக்கிய ஓட்டம் மாணவரான வெங்கடகிரியப்பாவின் (1887–1952) வழியாகவே போயிற்று. அவரிடமிருந்து அது துரைசாமி ஐயங்காருக்கு வந்தது. இரத்த வழி, குரு வழியாக மாறியது. சாதி, வம்சம் ஆகியவற்றின் பிடி தளர்ந்துவிட்டது என்று இதற்குப் பொருள் சொல்ல முடியாது. அரண்மனை வட்டத்துக்குள் நடந்த மாற்றம்தான் இது. ஆனால் அந்த வட்டம் உடைந்தபோது பாணி பிழைத்துக்கொண்டதற்கு இதுவே காரணம் என்பது என் கணிப்பு.

ஹாசன் மாவட்டத்தில் பிறந்த ஐயங்காருக்கு முதல் குரு தகப்பனார் வெங்கடேச ஐயங்கார். பிறகு சிறுவயதிலேயே வெங்கடகிரியப்பாவிடம் சேர்ந்தார். பன்னிரண்டு வயதுவாக்கில் நால்வடி கிருஷ்ணராஜ உடையார் முன் வாசித்து, அரண்மனை வித்வான்கள் வரிசையில் இடம்பிடித்தார். இதுவரை பழைய கதைதான். ஆனால் பையன் மகாராஜா கல்லூரியில் சேர்ந்து பட்டமும் வாங்கினார். அரண்மனை வித்வானின் கையில் பி.ஏ. பட்டம் என்பது அன்றைக்குப் புதிது.

அதே கல்லூரியில் உளவியல் பேராசிரியராக இருந்தவர் எம்.வி. கோபாலசுவாமி. 1935-இல் தம் வீட்டிலேயே ஒரு சிறு ஒலிபரப்பு நிலையத்தை அமைத்து, அதற்கு 'ஆகாசவாணி' என்று பெயரும் வைத்தார். பிற்பாடு நாட்டு வானொலி முழுவதுக்கும் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. மைசூர் நிலையம் சமஸ்தானத்தின் பொறுப்புக்குப் போய், 1950-இல் அகில இந்திய வானொலியுடன் இணைந்து, 1955 நவம்பரில் பெங்களூருக்கு வந்தது. ஐயங்கார் பெங்களூர் நிலையத்தில் இசைத் தயாரிப்பாளரானார். நிலையம் போன வழியிலேயே வித்வானும் போனார்.

இதே ஆண்டுகளில் அரண்மனை மெல்ல ஓய்ந்தது. நால்வடிக்கு அடுத்து வந்த மன்னர் ஜெயசாமராஜ உடையார் தாமே 94 கீர்த்தனைகள் இயற்றியவர், வெங்கடகிரியப்பாவிடம் வீணை பயின்றவர். அவர் காலத்தில் ஆதரவு குறைந்ததற்கு ரசனைக் குறைவு காரணம் அல்ல, கஜானாதான் காரணம். 1971-இல் மன்னர் மானியமும் ஒழிந்தது. பலர் இதை இசையின் வீழ்ச்சியாக எழுதுகிறார்கள். எனக்கு உடன்பாடில்லை. மாதச் சம்பளம், ஓய்வூதியம், குறித்த நேரத்தில் குறித்த ராகம் என்று வானொலி கொடுத்தவை ஏறக்குறைய அரண்மனை கொடுத்தவையே. போனது பல்லக்கும் மன்னரின் நேரடிப் பார்வையும். கூடுதலாக வந்தது, முகம் தெரியாத பல ஆயிரம் காதுகள்.

வீணைக்கு அந்தக் காதுகள் ஏன் முக்கியம் என்பதைக் கருவியைப் பார்த்தால் புரிந்துகொள்ளலாம். வாசிப்புத் தந்தி நான்கு, தாளத் தந்தி மூன்று. தண்டியில் மெழுகில் பதித்த 24 மெட்டுகள். மீட்டிய ஒலி சீக்கிரம் அடங்கிவிடும். பெரிய மண்டபத்தில் பின்வரிசைக்காரருக்கு வீணை கேட்காது. மைக்குக்குப் பக்கத்தில் அமர்ந்தால் நகம் தந்தியைத் தொடுவதுகூடக் கேட்கும். மைசூர் பாணிக்கு இது தோதாக அமைந்தது. தஞ்சாவூர் வழியில் ஒரு மீட்டை நீட்டி, தந்தியை இழுத்துப் பாட்டைப் போல வளைப்பார்கள். மைசூரில் மீட்டுகள் அதிகம், ஸ்வரங்கள் ஒவ்வொன்றும் தனித்துத் தெறிக்கும். இடது கையின் ஆள்காட்டி விரலையும் நடுவிரலையும் பிரித்து வைத்து வாசிப்பது அவர்கள் வழக்கம். தானம் (ராகத்தைத் தாளமின்றி லயத்தோடு விரிப்பது) வாசிக்கும்போது இதன் பலன் துல்லியமாகத் தெரியும். ஐயங்காரின் தானத்தை ரசிகர்கள் கொண்டாடியதற்கும் அதுவே காரணம். வேகத்தைக் காட்டிக் கைதட்டல் வாங்கும் வித்தை அவருக்கு வரவில்லை என்று சிலர் குறை சொன்னதுண்டு; வேண்டாம் என்று விட்டுவிட்டார் என்பதுதான் சரி. டி. சௌடய்யாவின் வயலினோடு சேர்ந்து வாசித்தபோதும் அந்த அடக்கம் குலையவில்லை.

இதே காலகட்டத்தில் மேற்கு ஆப்பிரிக்காவின் மாலியில் நடந்ததையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். அரசர்களின் வம்ச வரலாற்றைப் பாடிவந்த 'ஜெலி' குலத்தாரின் கருவி கோரா. பாதிச் சுரைக்குடுக்கையில் மாட்டுத் தோல் போர்த்தி 21 தந்திகள் கட்டியது. மெட்டே கிடையாது, இரு கைகளின் பெருவிரலும் ஆள்காட்டி விரலுமே வேலை செய்யும். 1960-இல் மாலி விடுதலை பெற்ற பிறகு அரசு ஒரு தேசிய வாத்தியக் குழுவை அமைத்தது. பரம்பரைக் கலைஞரான சிதிகி ஜபாத்தே அதில் வாசித்தார். அவர் மகன் துமானி ஜபாத்தே (1965–2024) கோராவை மட்டும் வைத்து 1988-இல் 'கைரா' இசைத்தட்டை வெளியிட்டார். பின்னர் கிராமி விருதும் பெற்றார். தாம் எழுபத்தோராம் தலைமுறை என்று சொல்லிக்கொள்வார். ஆனால் அப்பா உட்கார வைத்துச் சொல்லிக்கொடுக்கவில்லை, கேட்டுக் கேட்டே கற்றேன் என்றும் சொல்வார்.

மாலியிலும் மன்னர் இருந்த இடத்தில் அரசு வந்து அமர்ந்தது. அங்கே குலம் நீடித்தது, உலகச் சந்தை அதைத் தூக்கிப் பிடித்தது. இங்கே குலம் நெகிழ்ந்து மாணவர் வரிசை நீடித்தது, உலகச் சந்தை பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. ஐயங்காருக்கு விருதுகளில் குறைவில்லை: 1970-இல் சங்கீத நாடக அகாதெமி விருது, 1983-இல் பத்மபூஷண், 1984-இல் சென்னை மியூசிக் அகாதெமியின் சங்கீத கலாநிதி. இருந்தும் ஐயங்காரின் பெயர் கர்நாடக இசை வட்டத்துக்கு வெளியே அதிகம் போகவில்லை. வானொலிக்காரர் என்ற முத்திரையே இதற்குப் பெரிய காரணம். ஊர் முழுவதும் இலவசமாகக் கேட்டவரை ஊர் எளிதில் மறக்கும்.

பெங்களூர்ப் புறநகரான ஹெப்பகோடியில் இப்போது குடியிருக்கும் தமிழர்களில் பலருக்கு மைசூர் வீணை என்றால் தசரா விளம்பரப் படம்தான் நினைவுக்கு வரும். மஞ்சள் தட மெட்ரோ வந்துவிட்டது. ராஷ்ட்ரீய வித்யாலயா சாலை நிலையத்தில் பச்சைத் தடத்துக்கு மாறி நேஷனல் காலேஜில் இறங்கினால், 1905-இல் தொடங்கிய பெங்களூர் காயன சமாஜம் பக்கத்தில்தான். கச்சேரிப் பட்டியலில் மைசூர் பாணி வீணை இருந்தால் ஒரு மாலை போய் வாருங்கள். அதோடு, பழைய வானொலிக் கச்சேரிகளைப் பதிந்த ஸ்பூல் டேப்போ கேசட்டோ உங்கள் வீட்டுப் பரணில் கிடந்தால் பழைய சாமான்காரரிடம் போட்டுவிடாதீர்கள். இந்த வரலாற்றின் அடுத்த அத்தியாயத்தை எழுத அவை தேவைப்படும்.