வங்கிகளில் கருணைப் பணி நியமனத்தின் வரலாறு

பணியில் இருக்கும்போதே இறந்துவிடும் வங்கி ஊழியரின் குடும்பத்தில் ஒருவருக்கு வேலை தருவது கருணை அடிப்படையிலான பணி நியமனம் எனப்படுகிறது. பேச்சு வழக்கில் இதை வாரிசு வேலை என்பார்கள். ஆனால் வீடு, நிலம் போலப் பதவி வாரிசுக்குப் போய்ச் சேராது. 1969 ஜூலை 19 அன்று 14 வங்கிகளும், 1980இல் மேலும் 6 வங்கிகளும் நாட்டுடைமை ஆயின. பொதுத்துறை வங்கி வேலைகள் அரசமைப்புச் சட்டத்தின் 14, 16ஆம் பிரிவுகளுக்கு உட்பட்டவை. தகுதியுள்ள எவரும் போட்டியிடலாம். கருணை நியமனம் அந்தப் பொது விதிக்கு ஒரு விலக்கு மட்டுமே. வங்கியின் திட்டத்தில் என்ன எழுதியிருக்கிறதோ அதைத் தாண்டிக் குடும்பம் எதையும் கேட்க முடியாது.

பாரத ஸ்டேட் வங்கியின் திட்டம் 1979இலும், கனரா வங்கியின் திட்டம் 1993இலும் வந்தன. பணமாகக் கொடுக்காமல் வேலையாகக் கொடுத்ததற்குக் காரணம் இருந்தது. நாட்டுடைமை ஆக்கப்பட்ட வங்கிகளில் அன்று பொதுவான ஓய்வூதியம் கிடையாது. ஊழியர் இறந்தால் வருங்கால வைப்பு நிதியும் பணிக்கொடையும் கைக்கு வரும். மாதாமாதம் வருகிற பணம் நின்றுவிடும். 1993 அக்டோபர் 29 அன்று சங்கங்களுக்கும் வங்கி நிர்வாகங்களுக்கும் ஏற்பட்ட உடன்பாட்டின் வழியாகவே 1995ஆம் ஆண்டு ஓய்வூதிய விதிமுறைகள் பிறந்தன. குடும்ப ஓய்வூதியமும் அதோடு சேர்ந்து வந்தது.

சங்கங்கள் போராடிப் பெற்ற அந்த ஓய்வூதியமே, பிற்பாடு வேலையை மறுப்பதற்கான காரணமாகவும் ஆனது. 1994இல் ஹரியானா அரசு தொடர்பான வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் இரண்டு கருத்துகளை உறுதிப்படுத்தியது. கருணை நியமனம் திடீர் நெருக்கடியிலிருந்து குடும்பம் மீள்வதற்காக மட்டுமே. மூன்றாம், நான்காம் நிலைப் பணிகளில் மட்டுமே அதைத் தரலாம். அதன் பிறகு வங்கிகள், குடும்பம் உண்மையிலேயே நெருக்கடியில் இருக்கிறதா என்று கணக்குப் பார்க்கத் தொடங்கின. கணக்கில் குடும்ப ஓய்வூதியமும் சேர்ந்தது. அது பெரிய தொகையும் அன்று. தொடக்க ஆண்டுகளின் கூடுதல் விகிதம் முடிந்ததும், சம்பள அடுக்கைப் பொறுத்து 15, 20 அல்லது 30 விழுக்காடுதான். அதற்கும் 9,284 ரூபாய் என்ற உச்சவரம்பு. 2021 ஆகஸ்டில்தான் அந்த வரம்பை நீக்கி, அனைவருக்கும் 30 விழுக்காடு என்று ஆக்கினார்கள்.

பெரிய மாற்றம் 2004, 2005ஆம் ஆண்டுகளில் நடந்தது. மத்திய அரசின் வழிகாட்டுதலின்படி இந்திய வங்கிகள் சங்கம் புதிய ஏற்பாட்டை முன்வைத்தது. இனி வேலை இல்லை, ஒரே தவணையில் கருணைத் தொகை. அதுவும் எல்லோருக்கும் இல்லை. குடும்பத்தின் மாத வருமானம், இறந்தவர் கடைசியாக வாங்கிய சம்பளத்தில் 60 விழுக்காட்டுக்குக் குறைவாக இருக்க வேண்டும். வைப்பு நிதியையும் பணிக்கொடையையும் முதலீடு செய்தால் வரக்கூடிய வட்டியைக்கூட வருமானமாகக் கணக்கிட்டார்கள். மகளின் திருமணத்துக்கோ வீட்டுக் கடனுக்கோ அந்தப் பணம் போயிருந்தாலும், வட்டி மட்டும் காகிதத்தில் வந்துகொண்டிருந்தது.

திட்டம் மாறிய காலத்தில் இறந்தவர்களின் குடும்பங்கள்தான் அதிகம் அல்லாடின. பாரத ஸ்டேட் வங்கி ஊழியர் ஒருவர் 2004 அக்டோபரில் இறந்தார். குடும்பம் 2005 ஜூனில் வேலை கேட்டது. ஆகஸ்டில் திட்டம் மாறிவிட்டது. விண்ணப்பத்தைப் பரிசீலிக்கும்போது நடைமுறையில் உள்ள திட்டமே பொருந்தும் என்று 2010இல் உச்ச நீதிமன்றம் சொல்ல, வேலை கிடைக்கவில்லை. கனரா வங்கி ஊழியர் ஒருவர் 1998இல் இறந்தார். அந்த வழக்கில் 2015இல் அதே நீதிமன்றம், இறந்த நாளில் நடப்பில் இருந்த 1993ஆம் ஆண்டுத் திட்டப்படியே பரிசீலிக்க வேண்டும் என்றது. குடும்ப ஓய்வூதியம் வேலைக்கு மாற்றாகாது என்றும் கூறியது. எந்த நாளை எடுப்பது என்ற இந்த முரண்பாட்டை 2019இல் உச்ச நீதிமன்றத்தின் அமர்வு ஒன்று பெரிய அமர்வுக்கு அனுப்பிவைத்தது.

இதற்கிடையே, 2014 ஆகஸ்டில் வேலைத் திட்டம் திரும்பி வந்திருந்தது. எழுத்தர், கடைநிலை ஊழியர் பணிகளுக்கு மட்டும் நியமனம். இறந்தவரைச் சார்ந்து வாழ்ந்த மனைவி அல்லது கணவர், மகன், மகள் ஆகியோருக்கு வாய்ப்பு. இறந்தவர் திருமணமாகாதவர் என்றால் உடன்பிறந்தோருக்கும் உண்டு. இது நியாயமான திருத்தம்தான். ஆனால் இடைப்பட்ட சுமார் பத்தாண்டுகளில் குடும்பத்தலைவரை இழந்தவர்களுக்கு அது பெரும்பாலும் பயன்படவில்லை.

இவ்வழக்குகளில் காலதாமதம் தனியே ஒரு பிரச்சினை. உடனடி நிவாரணம் என்பதே திட்டத்தின் நோக்கம் என்பதால், வழக்கு நீள நீள, "இத்தனை ஆண்டுகள் குடும்பம் தாக்குப்பிடித்துவிட்டதே" என்ற வாதம் வலுப்பெறுகிறது. தாமதத்துக்கு வங்கியின் மறுப்பே காரணமாக இருந்தாலும் இதுதான் நிலை. கனரா வங்கி ஊழியர் ஒருவர் 2001 டிசம்பரில், ஓய்வுபெறச் சுமார் நான்கு மாதங்களே இருந்தபோது இறந்தார். தாய்க்குக் குடும்ப ஓய்வூதியம் வருகிறது, வயது வரம்பும் கடந்துவிட்டது என்று மகனுக்கு வேலை மறுக்கப்பட்டது. உயர் நீதிமன்றத்தில் மகன் வென்றார். வங்கியின் மேல்முறையீட்டில் 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்து, இரண்டரை லட்சம் ரூபாயை அவருக்கு வழங்கும்படி உத்தரவிட்டது.