ரஜூலாவின் சகோதரி: போருக்குப் போன 'ரோனா' கப்பல்

சிங்கப்பூர், மலேசியாவில் வாழும் பழைய தலைமுறைத் தமிழர்களிடம் 'ரஜூலா' என்று சொன்னாலே போதும், கப்பல் பயணக் கதைகள் வரிசையாக வரும். ஆனால் ரஜூலாவுக்கு ஒரு சகோதரிக் கப்பல் இருந்தது பலருக்குத் தெரியாது. அதன் பெயர் 'ரோனா'.

இரண்டும் பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனிக்காக 1926-ல் கட்டப்பட்டவை. ரஜூலா கிளாஸ்கோவிலும், ரோனா இங்கிலாந்தின் டைன் நதிக்கரையிலும் உருவாயின. சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் என்பது இவற்றின் வழித்தடம். சரக்கோடு, பிழைப்புத் தேடிப் போன ஏராளமான டெக் பயணிகளையும் இவை சுமந்தன.

இரண்டாம் உலகப் போர் வந்தது. லட்சக்கணக்கான வீரர்களைக் கடல் கடந்து அனுப்ப அரசிடம் போதிய கப்பல்கள் இல்லை. எனவே தனியார் கப்பல்களைப் பிரிட்டிஷ் அரசு வாடகைக்கு எடுத்துக்கொண்டது. கப்பல் கம்பெனியுடையதுதான், மாலுமிகளும் கம்பெனி ஆட்கள்தான். ஆனால் எங்கே போக வேண்டும், எதை ஏற்ற வேண்டும் என்பதை அரசு முடிவு செய்யும். ரோனா இப்படித்தான் 1940-ல் துருப்புக் கப்பல் ஆனது.

1943 நவம்பரில் சுமார் 2,000 அமெரிக்க வீரர்கள் அல்ஜீரியாவின் ஓரான் துறைமுகத்தில் ரோனாவில் ஏறினார்கள். சூயஸ் வழியாக இந்தியப் பகுதிப் போர்முனைக்கு வர வேண்டியவர்கள் அவர்கள். நவம்பர் 26 மாலை, கப்பல் அணிவகுப்பை ஜெர்மன் விமானங்கள் தாக்கின. வானொலி அலையால் இயக்கப்பட்ட ஹென்ஷல் 293 ரக குண்டு ஒன்று ரோனாவைத் துளைத்தது. சுமார் ஒன்றரை மணி நேரத்தில் கப்பல் மூழ்கியது. இறந்தவர்கள் 1,138 பேர்! அவர்களில் 1,015 பேர் அமெரிக்க வீரர்கள். எதிரியின் தாக்குதலால் கடலில் ஒரே சம்பவத்தில் அமெரிக்கா இத்தனை வீரர்களை இழந்தது வேறெப்போதும் இல்லை. ஆனால் இந்தச் செய்தி ரகசியமாக்கப்பட்டது. முழு விவரம் வெளிவரப் பல ஆண்டுகள் ஆயின.

மற்றவர்கள் யார்? கப்பல் சிப்பந்திகள் 195 பேரில் 117 பேர் இறந்தார்கள். இவர்களில் பெரும்பாலோர் 'லஸ்கர்' எனப்பட்ட இந்திய மாலுமிகள். இவர்கள் படைவீரர்கள் அல்ல, கூலிக்குக் கப்பல் வேலை செய்தவர்கள். வெள்ளைக்கார மாலுமி வாங்கிய சம்பளத்தில் ஒரு சிறு பங்கே இந்திய மாலுமிக்குக் கிடைத்தது. சம்பள உயர்வு கேட்டு 1939-லேயே பிரிட்டிஷ் துறைமுகங்களில் இந்திய மாலுமிகள் வேலைநிறுத்தம் செய்தார்கள் என்பது குறிப்பிடத்தக்கது. ஆனால் குண்டு விழுந்தபோது ஆபத்து எல்லோருக்கும் சமமாகவே இருந்தது.

ரஜூலாவும் போரில் துருப்புகளைச் சுமந்தது. ஆனால் தப்பித்து, மறுபடி சென்னை-சிங்கப்பூர் வழிக்குத் திரும்பியது. 1973-ல் இந்தியக் கப்பல் கழகத்துக்கு விற்கப்பட்டு 'ரங்கத்' என்று பெயர் மாறி, 1974-ல் உடைக்கப்பட்டது. அதில் பயணம் செய்தவர்கள் இருந்ததால் அதன் பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது.

ரோனாவின் அமெரிக்க வீரர்களுக்கு 1996-ல் அலபாமாவில் நினைவுச்சின்னம் எழுப்பப்பட்டது. போரில் கடலில் மாண்ட ஏறத்தாழ 6,000 இந்திய வணிகக் கப்பல் மாலுமிகளின் நினைவு மும்பையிலும் சிட்டகாங்கிலும் உள்ள பெயர்ப் பதிவேடுகளில் இருக்கிறது. போர் வரலாறு படிப்பவர்கள் சண்டையிட்டவர்களை மட்டுமல்ல, அவர்களைச் சுமந்து சென்றவர்களையும் சேர்த்தே எண்ண வேண்டும்.