பி. கே. ரோசி

பி. கே. ரோசி மலையாளத் திரைப்படத்தின் முதல் நாயகி. அவர் நடித்தது ஒரே படம். அகஸ்தீஸ்வரத்தில் பிறந்த ஜே. சி. டேனியல் தன் நிலத்தை விற்று எடுத்த ‘விகதகுமாரன்’ என்னும் மௌனப்படம் அது. புலையர் சமூகத்தைச் சேர்ந்த ரோசி, தமிழும் மலையாளமும் கலந்து ஆடப்படும் காக்காரிசி நாடகத்தில் நடித்தவர். நடிப்பு அவருக்குப் புதிதல்ல.

படத்தில் அவர் ஏற்றது சரோஜினி என்ற நாயர் பெண்ணின் வேடம். திருவனந்தபுரம் கேபிடல் அரங்கில் படம் வெளியானபோது (1928 என்றும் 1930 என்றும் கூறுவர்), தலித் பெண் ஒருவர் நாயர் பெண்ணாகத் தோன்றியதைப் பொறுக்காதவர்கள் திரைமீது கல்லெறிந்தனர். அவரது குடிசையும் எரிக்கப்பட்டது. ரோசி லாரியில் ஏறித் தப்பினார். பின்னர் லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, ராஜம்மாள் என்ற பெயரில் நாகர்கோவிலில் வாழ்ந்தார். அன்று அந்த ஊரும் திருவிதாங்கூரில்தான் இருந்தது. கணவர் நாயர் குடும்பத்தவர் என்பர். திரையில் மறுக்கப்பட்ட வேடம் வாழ்க்கையில் அமைந்தது விசித்திரம்தான். அவர் மீண்டும் நடிக்கவில்லை.

படச்சுருள் மிஞ்சவில்லை. ரோசியுடையது என்று உறுதியாகச் சொல்லத்தக்க ஒளிப்படமும் இல்லை. 2013இல் கமல் இயக்கிய ‘செல்லுலாய்ட்’ மலையாளப் படத்தில் அவர் கதை இடம்பெற்றது. சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழா நடத்துகிறது.