அமெரிக்க வரலாற்று நூல்களும் தமிழ்க் கலைச்சொற்களும்: ஊரிகத்து மாணவரை முன்வைத்து ஒரு நோக்கு

கோலார் தங்க வயலின் ஊரிகம், பங்காரப்பேட்டையிலிருந்து மாரிக்குப்பம் செல்லும் கிளை இரயில் பாதையில் அமைந்துள்ளது. 1880இல் ஜான் டெய்லர் நிறுவனத்தார் சுரங்கப் பொறுப்பேற்றபின், வடாற்காடு, சேலம், சித்தூர்ப் பகுதிகளிலிருந்து வந்த தொழிலாளரின் வழியினரே இங்கு வாழும் தமிழருள் பெரும்பாலோர். இவர்தம் பிள்ளைகள் பள்ளியில் கற்கும் தமிழ்வழிச் சமூக அறிவியல் நூல் கர்நாடக அரசு வெளியிடுவது. கல்லூரி நிலையில் தமிழில் துணைநூல் தேடுவோர் தமிழ்நாட்டு வெளியீடுகளை நாட வேண்டியுள்ளது. ஒரே அமெரிக்க விடுதலைப் போரை இரு வேறு சொல்மரபுகளில் படிக்கும் இந்நிலை, மொழிபெயர்ப்பாளர் கவனத்திற்குரியது.

தமிழில் அமெரிக்க வரலாற்று நூல்கள் தோன்றிய சூழல் சுருக்கமாகக் கூறத்தக்கது. 1950, 1960களில் அமெரிக்கச் செய்தித்துறையின் ஆதரவோடு சென்னையில் மலிவு விலை மொழிபெயர்ப்புகள் பல வெளிவந்தன. 1960இல் கோவை அரசு கலைக் கல்லூரியில் தமிழ்வழிப் பட்ட வகுப்பு தொடங்கப்பெற்றதும், கல்லூரிப் பாடநூல்களைத் தமிழில் ஆக்கும் பணி அரசின் பொறுப்பாயிற்று. ஆயினும் கே. இராசய்யன், ந. சுப்பிரமணியன் போன்ற தமிழ்நாட்டு வரலாற்றறிஞர்களே தம் அமெரிக்க வரலாற்று நூல்களை ஆங்கிலத்தில்தான் எழுதினர். ஆகவே தமிழில் பயின்ற மாணவரும் கருத்தை ஆங்கில நூலிலும் சொல்லைத் தமிழ் நூலிலும் பெற்றனர் எனலாம்.

நாடா, மாநிலமா?

நாட்டின் பெயரிலேயே சிக்கல் தொடங்குகிறது. 'அமெரிக்க ஐக்கிய நாடுகள்' என்பது நிலைபெற்ற வழக்கு. ஆனால் அந்நூல்களின் உள்ளே மாசசூசெட்சும் வர்சீனியாவும் 'மாநிலங்கள்' என்றே குறிக்கப்பெறுகின்றன. நாடுகள் கூடி ஆன ஒன்றின் உறுப்புகள் மாநிலங்களாவது எவ்வாறு? இதனைப் பிழையென்று தள்ளிவிடுதல் எளிது. எனினும் 1776ஆம் ஆண்டு விடுதலை அறிவிப்பில் பதின்மூன்று குடியேற்றங்களும் தம்மைத் தன்னுரிமை பெற்ற அரசுகளாகவே அறிவித்தன. 1787இல் வரையப்பெற்ற அரசியலமைப்பே அவற்றை ஒரு கூட்டரசின் உறுப்புகளாக்கியது. 'நாடுகள்' என்னும் தமிழ்ச்சொல் முந்தைய பொருளையும், 'மாநிலங்கள்' என்பது பிந்தைய பொருளையும் தாங்கி நிற்கின்றன. ஆங்கிலத்தில் ஒரே சொல்லுக்குள் மறைந்துகிடக்கும் வரலாற்று மாற்றம் தமிழில் இரு சொல்லாய் வெளிப்படுகிறது. திட்டமிட்டு நேர்ந்ததன்று இது. பாடநூலாசிரியர் எவரும் இதனைப் பயன்படுத்திக்கொண்டதாகவும் தெரியவில்லை.

ஊரிகத்தில் இச்சொல்லுக்கு வேறொரு வரலாறும் உண்டு. 1947க்கு முன் இவ்வூர் மைசூர் மன்னரின் ஆட்சிக்குட்பட்டிருந்தது. சென்னையில் வாழ்ந்த தமிழர்க்குத் தம் பகுதி 'மாகாணம்', ஊரிகத்தார்க்கோ 'சமஸ்தானம்'. 1950இன் அரசியலமைப்பிற்குப் பின் இரண்டும் 'ராஜ்யம்' ஆயின. 1956இன் மொழிவழிச் சீரமைப்பையொட்டி 'மாநிலம்' வழக்கில் ஊன்றியது. ஆங்கிலேயர் காலத்தில் மன்னராட்சிப் பகுதியைச் சுட்டிய அதே ஆங்கிலச் சொல்லே மன்னரை உதறிய அமெரிக்கக் குடியரசின் உறுப்புகளையும் சுட்டியது என்பது நகைப்பிற்குரிய முரண்.

மாநில உரிமை, பிரிவினை

1860-61இல் தென்பகுதி மாநிலங்கள் கூட்டரசிலிருந்து விலகியதை விளக்குமிடத்துச் சிக்கல் மிகுகிறது. 'மாநில உரிமை' என்னும் தொடரைத் தமிழ் மாணவர் வெறுமையான மனத்தோடு எதிர்கொள்வதில்லை. 1969இல் அமைக்கப்பெற்ற இராசமன்னார் குழு, 1974இல் தமிழகச் சட்டமன்றம் நிறைவேற்றிய மாநிலத் தன்னாட்சித் தீர்மானம் ஆகியவற்றால் அத்தொடர் நற்பொருள் பெற்றுள்ளது. 'பிரிவினை' என்பதோ, 1963இன் 16ஆம் அரசியலமைப்புத் திருத்தத்தால் சட்டத்தின் பிடிக்குள் வந்த சொல். இச்சொற்களை விளக்கமின்றி ஆளும் நூல், தென்பகுதியின் போரை உரிமைப் போராகவே காட்டிவிடும். தென் கரோலினா விலகலுக்குத் தந்த விளக்கம், தப்பியோடிய அடிமைகளை மீட்டுத்தர வடபகுதி மாநிலங்கள் மறுத்ததைக் குற்றமாகச் சாட்டுகிறது. அதாவது, தம் மாநில அளவில் சட்டமியற்றிய வடபகுதியின் உரிமையையே அது மறுக்கிறது. இவ்வொரு செய்தியைப் பாடத்தில் சேர்ப்பின், சொல்லின் பொருள் நேராகும்.

'அடிமை' என்பதும் அடிக்குறிப்பு வேண்டும் சொல். பத்தி இலக்கியத்தில் விரும்பி ஏற்கும் நிலை அது. சிற்றூர்ப் படியாளின் நிலை வேறு. முன்பணம் பெற்றுச் சுரங்கத்திற்கு வந்த கூலியின் நிலை வேறு. விலைக்கு விற்கப்பட்டு, பிறக்கும் குழந்தையும் உரிமையாளனின் உடைமையாகும் நிலையை 'உடைமையடிமை' எனப் பிரித்துக் கூறுதல் தகும்.

ஒதுக்கீடு

'செவ்விந்தியர்' என்னும் பெயர் கொலம்பசின் பிழையைத் தமிழிலும் நிலைக்கச் செய்தது. அண்மைக்கால நூல்கள் 'தொல்குடியினர்' என எழுதுவது வரவேற்கத்தக்கது. ஆனால் அவர்க்கு வரையறுக்கப்பட்ட நிலப்பகுதியை 'ஒதுக்கீடு' எனப் பெயர்ப்பது பெருங்குழப்பம் விளைவிக்கும். தங்க வயல் தொழிலாளருள் மிகப் பலர் ஒடுக்கப்பட்ட வகுப்பினர். அவர்தம் பிள்ளைகட்கு ஒதுக்கீடு என்பது கல்விக்கும் பணிக்கும் திறந்த வாயில். சூ இனத்தார்க்கோ அது நிலமிழந்த கதை. 1868இன் லாரமி கோட்டை உடன்படிக்கை கருங்குன்றுப் பகுதியை அவர்க்கு உறுதிசெய்தது. 1874இல் கஸ்டரின் படையினர் அங்குத் தங்கம் கண்டனர். 1877இல் நிலம் பறிக்கப்பட்டது. 1980இல் உச்சநீதிமன்றம் ஆணையிட்ட இழப்பீட்டை அவர்கள் ஏற்க மறுத்தனர். 'ஒதுக்குநிலம்' என்னும் சொல் இவ்வேறுபாட்டை ஓரளவு காக்கும்.

இவ்விடத்தில் ஊரிகத்து ஆசிரியர்க்கு வேறெவர்க்கும் கிட்டாத வாய்ப்பு உண்டு. கருங்குன்றின் ஹோம்ஸ்டேக் சுரங்கம் கோலார்ச் சுரங்கங்களின் காலத்ததே. முன்னது 2002இல் மூடப்பட்டது. கோலார் 2001 பிப்ரவரி 28இல். இரண்டின் ஆழத்திலும் நியூட்ரினோ ஆய்வுகள் நடந்தன. 1902இல் சிவசமுத்திரத்திலிருந்து இங்கு மின்சாரம் கொண்டுவர மின்னாக்கிகளை வழங்கியது அமெரிக்காவின் ஜெனரல் எலெக்ட்ரிக் நிறுவனம். பள்ளிநூலில் தொழில்வளர்ச்சிப் பாடத்தின் ஒரு பெயராக மட்டும் வரும் அந்நிறுவனம், மாணவரின் பாட்டனார் இறங்கிய சாஃப்டின் சக்கரத்தைச் சுழற்றியது. சாஃப்ட், மில், லைன் என இங்கு வழங்கும் சுரங்கச் சொற்கள் பேச்சிலிருந்து மறையுமுன் தொகுக்கப்பெறின், ஹோம்ஸ்டேக் பற்றிய நூலொன்றைத் தமிழாக்குவோர்க்கு அகராதியினும் அவை மிகுதியாய் உதவும்.