பொது நூலகப் பணிப் பயிற்சி

பொது நூலகப் பணிப் பயிற்சி என்பது, நூலகர் ஆக விரும்பும் ஒருவர் அன்றாடம் இயங்கும் ஒரு பொது நூலகத்தில் குறிப்பிட்ட காலம் இருந்து, பணியில் உள்ள நூலகரின் மேற்பார்வையில் வேலை பழகும் முறையாகும். இரவல் மேசை, நூல் பகுப்பு, பட்டியலாக்கம், நாளிதழ்ப் பகுதி, சிறுவர் பகுதி என ஒவ்வொரு பிரிவிலும் பயிற்சி பெறுபவர் முறைவைத்துப் பணி செய்வார். செய்முறைப் பயிற்சி, களப்பயிற்சி, உள்ளகப் பயிற்சி, இன்டர்ன்ஷிப் எனப் பல பெயர்களால் இது வழங்குகிறது. மேலைநாடுகளில் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஒழுங்கான வடிவம் பெற்ற இம்முறை, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பரோடா வழியாக இந்தியாவுக்கு வந்தது. சென்னையில் பல்கலைக்கழகக் கல்வியாக உயர்ந்தது.

தோற்றம்

நூலகர் வேலைக்கென்று தனிப் படிப்பு இல்லாத காலத்தில், இளையவர்கள் மூத்தவரிடம் உதவியாளராகச் சேர்ந்து, பார்த்துப் பார்த்தே தொழில் கற்றார்கள். நூலகத்துக்கு நூலகம் அடுக்கும் முறையும் பட்டியல் முறையும் வேறுபட்டதால், ஓரிடத்தில் கற்றது இன்னோரிடத்தில் அப்படியே உதவவில்லை.

1876இல் தசமப் பகுப்பு முறையை வெளியிட்ட மெல்வில் டியூயி, இந்தக் குறையை நீக்க முதல் நூலகப் பள்ளியைத் தொடங்கினார். நியூயார்க்கின் கொலம்பியா கல்லூரியில் 1887 ஜனவரி 5 அன்று அது திறக்கப்பட்டபோது சேர்ந்த 20 பேரில் 17 பேர் பெண்கள். பெண்களைச் சேர்ப்பதைக் கல்லூரி நிர்வாகம் எதிர்த்தது. டியூயி பின்வாங்கவில்லை. 1889இல் பள்ளி ஆல்பனியில் உள்ள மாநில நூலகத்துக்கு மாறியது. விரிவுரையும் நூலக வேலையும் அங்கே அருகருகே நடந்தன. பெரிய பொது நூலகங்கள் சிலவும் தங்கள் தேவைக்காகச் சொந்தப் பயிற்சி வகுப்புகளைத் தொடங்கின.

பிரிட்டன் வேறு வழியில் சென்றது. 1877இல் அமைந்த நூலகச் சங்கம் 1885 முதல் தேர்வுகளை நடத்தியது. நூலகங்களில் வேலை செய்துகொண்டே உதவியாளர்கள் இத்தேர்வுகளுக்குப் படித்தார்கள். லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் முழுநேர நூலகப் பள்ளி 1919இல்தான் வந்தது. 1923இல் சார்லஸ் வில்லியம்சன் அளித்த அறிக்கை, அமெரிக்காவில் நூலகக் கல்வியைப் பல்கலைக்கழகங்களிடம் ஒப்படைக்க வேண்டும் என்று வலியுறுத்தியது. அதன்பின் வகுப்பறை முதன்மை பெற்றது. நூலகத்தில் செலவிடும் காலம் பாடத்தின் ஒரு பகுதியாகச் சுருங்கியது. வகுப்புக்கு எவ்வளவு, நூலகத்துக்கு எவ்வளவு என்ற கேள்வி இன்றும் இத்துறையில் பேசப்படுகிறது.

இந்தியாவில் தொடக்கம்

பரோடா மன்னர் மூன்றாம் சயாஜிராவ் கெய்க்வாட் தம் சமஸ்தானம் முழுவதும் இலவசப் பொது நூலகங்களை அமைக்க விரும்பி, 1910இல் அமெரிக்க நூலகர் வில்லியம் போர்டனை வரவழைத்தார். தலைநகரில் மைய நூலகம், அதன்கீழ் நகர நூலகங்கள், ஊர் நூலகங்கள், பெட்டியில் நூல்களைச் சுமந்து செல்லும் பயண நூலகம் என்று திட்டம் விரிந்தது. அத்தனை நூலகங்களுக்கும் ஆள் தேவைப்பட்டதால், 1911இல் போர்டன் பயிற்சி வகுப்பைத் தொடங்கினார். இந்தியாவில் நூலகக் கல்விக்கு இதுவே முதல் முறையான முயற்சி. பொது நூலகத்தின் தேவையிலிருந்து, பொது நூலகத்துக்குள்ளேயே அது பிறந்தது.

1915இல் லாகூரில் பஞ்சாப் பல்கலைக்கழகத்தின் அழைப்பில் வந்த ஏசா டான் டிக்கின்சன் பல்கலைக்கழக அளவில் பயிற்சி அளித்தார். மறு ஆண்டே பயிற்சி பெறுபவர்களுக்கான கையேடு ஒன்றையும் வெளியிட்டார்.

சென்னையும் ரங்கநாதனும்

சீர்காழியில் பிறந்த சீ. இரா. ரங்கநாதன் சென்னை மாநிலக் கல்லூரியில் கணித ஆசிரியராக இருந்தவர். 1924 ஜனவரியில் சென்னைப் பல்கலைக்கழக நூலகராகப் பொறுப்பேற்றபோது நூலகத் தொழிலில் அவருக்கு எந்தப் பயிற்சியும் இல்லை. ஆளரவமற்ற நூலகம் பிடிக்காமல், சில நாள்களிலேயே கல்லூரிக்குத் திரும்பிவிட நினைத்தார். அவரை மாற்றியது அதே ஆண்டில் மேற்கொண்ட இங்கிலாந்துப் பயணம். லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் படித்த அவரை, அங்கு பாடம் நடத்திய பெர்விக் சேயர்ஸ் தாம் தலைமை நூலகராக இருந்த குராய்டன் பொது நூலகத்துக்குப் பயிற்சிக்கு அழைத்துக்கொண்டார்.

தொழிலாளரும் குழந்தைகளும் இல்லத்தரசிகளும் தாராளமாக வந்துபோகும் நூலகத்தை ரங்கநாதன் அங்கே நெருக்கமாகக் கண்டார். நூறுக்கு மேற்பட்ட பிற நூலகங்களையும் சுற்றிப் பார்த்து 1925இல் நாடு திரும்பினார். 1931இல் அவருடைய 'நூலகவியலின் ஐந்து விதிகள்' வெளியானபோது அதற்கு அறிமுகவுரை எழுதியவர் சேயர்ஸ். பயிற்சிக்கு வந்த மாணவரின் நூலுக்குப் பயிற்சி தந்தவரே அறிமுகம் எழுதியது, இத்தொழிலில் குரு மாணவர் உறவுக்குச் சிறந்த சான்று.

1928இல் சென்னை நூலகச் சங்கம் தொடங்கப்பட்டது. ரங்கநாதன் அதன் செயலாளரானார். சங்கம் 1929இல் கோடை விடுமுறைப் பள்ளியை நடத்தியது. 1931இல் சென்னைப் பல்கலைக்கழகம் அப்பொறுப்பை ஏற்றுக்கொண்டது. 1937இல் அது ஓராண்டுப் பட்டயப் படிப்பாக வளர்ந்தது. பிற்காலத்தில் ரங்கநாதன் தம் சேமிப்பிலிருந்து ஒரு லட்சம் ரூபாயைப் பல்கலைக்கழகத்துக்கு அளித்து, துணைவியார் சாரதா பெயரில் நூலகவியல் பேராசிரியர் பதவி ஏற்படச் செய்தார்.

சட்டமும் பயிற்சியும்

1948ஆம் ஆண்டின் சென்னைப் பொது நூலகச் சட்டம், விடுதலை பெற்ற இந்தியாவின் முதல் நூலகச் சட்டம். நூலக வரிக்கும் மாவட்டந்தோறும் நூலக ஆணைக்குழுவுக்கும் அது வழிசெய்தது. 1896 முதல் இயங்கிவந்த கன்னிமாரா நூலகம் 1950இல் மாநில மைய நூலகம் ஆயிற்று. மாவட்ட மைய நூலகம், கிளை நூலகம், ஊர்ப்புற நூலகம் என்று அமைப்பு பரவியபோது பயிற்சி பெற்ற நூலகர்களின் தேவையும் பெருகியது. 1972இல் பொது நூலகங்களுக்கெனத் தனி இயக்குநர் பதவி ஏற்பட்டது. கன்னிமாராவில் நூலகராக இருந்த வே. தில்லைநாயகம் அதன் முதல் இயக்குநரானார். நூலகத் தொழில் கற்ற ஒருவரே நூலகத் துறைக்குத் தலைமை ஏற்றது, பயிற்சிக்குக் கிடைத்த மதிப்பு.

இதற்கிடையே, யுனெஸ்கோ துணையுடன் அமைந்த டெல்லிப் பொது நூலகத்தை 1951 அக்டோபரில் ஜவகர்லால் நேரு திறந்துவைத்தார். ஆசிய நாடுகளுக்கு முன்மாதிரியாக அமைந்த நூலகம் இது. ஆசியப் பொது நூலக வளர்ச்சி பற்றிய யுனெஸ்கோ கருத்தரங்கு 1955இல் டெல்லியில் நடந்தது.

பயிற்சியின் உள்ளடக்கம்

புதிதாக வந்த நூலை வரவுப் பதிவேட்டில் ஏற்றுவது, முத்திரையிடுவது, பகுப்பெண் தருவது, பட்டியலில் சேர்ப்பது, அடுக்கில் உரிய இடத்தில் வைப்பது ஆகியவை அடிப்படை வேலைகள். இரவல் கொடுப்பதும் திரும்பப் பெறுவதும், இருப்புச் சரிபார்ப்பு, கிழிந்த நூலைக் கட்டுக்கு அனுப்புவது, வாசகர் வட்டக் கூட்டம், சிறுவருக்குக் கதை சொல்லுதல் ஆகியவை அடுத்து வரும். இன்று கணினிப் பட்டியலும் மின்னூல்களும் இவற்றோடு சேர்ந்துள்ளன.

இவற்றில் பலவற்றை வகுப்பறையிலும் சொல்லித் தரலாம். வாசகரை மட்டும் வகுப்பறைக்குள் கொண்டுவர முடியாது. கேட்க வந்ததைச் சொல்லத் தயங்கும் முதியவர், போட்டித் தேர்வுக்கு எந்த நூலில் தொடங்குவது என்று தெரியாத இளைஞர், படம் மட்டும் பார்க்க வந்த குழந்தை ஆகியோரோடு பேசிப் பழகும் திறன் இரவல் மேசையில்தான் கைகூடும். வாசகரின் நேரத்தைக் காக்க வேண்டும் என்னும் ரங்கநாதனின் நான்காம் விதியைப் பயிற்சி பெறுபவர் முழுதாக உணர்வது வரிசையில் காத்திருக்கும் வாசகரின் முகத்தைப் பார்க்கும்போதே.

நல்ல பயிற்சிக்குச் சில நிபந்தனைகள் உண்டு. பயிற்சி பெறுபவர் எல்லாப் பிரிவுகளிலும் சுற்றிவர வேண்டும். தூசி தட்டவும் அடுக்கவும் மட்டுமே அவரைப் பயன்படுத்தக் கூடாது. ஒவ்வொரு நாளும் செய்ததை அவர் குறிப்பேட்டில் எழுத வேண்டும். அதைப் படித்துத் திருத்த நேரம் ஒதுக்கும் நூலகர் ஒருவர் இருக்க வேண்டும். ஆள் பற்றாக்குறையை நிரப்பும் வழியாகப் பயிற்சி மாறினால் கற்பவரும் வாசகரும் ஒருசேர இழப்பர்.

முக்கியத்துவம்

யுனெஸ்கோவின் 1994ஆம் ஆண்டுப் பொது நூலக அறிக்கை, நூலகரை வாசகருக்கும் நூல்களுக்கும் நடுவில் நின்று செயல்படுபவராகக் குறிப்பிட்டு, அவருக்குத் தொழிற்கல்வியும் தொடர்கல்வியும் இன்றியமையாதவை என்கிறது. பட்டயமும் பட்டமும் வேலைக்குள் நுழையத் தகுதி தருகின்றன. நூலகராக உருவாக்குவது, வாசகர் நடமாடும் ஒரு நூலகமும் கற்றுத்தர மனமுள்ள ஒரு மூத்த நூலகருமே. திரும்பிவிட நினைத்த கணித ஆசிரியரை இந்திய நூலகவியலின் தந்தையாக்கியதில் குராய்டன் பொது நூலகத்துக்கும் பெரும் பங்கு உண்டு.