முட்டு: கப்பலுக்கும் வீட்டுக்கும் ஒரே சொல்

எமது ஊர்களில் தச்சு வேலை செய்பவரை 'ஓடாவி' என்கிறோம். கதவும் கூரையும் செய்பவருக்கு ஏன் இந்தப் பெயர்? பழைய அகராதியைப் புரட்டினால், ஓடமும் கப்பலும் கட்டுபவர் என்றும் அதற்குப் பொருள் இருக்கிறது. வீட்டுக்கும் கப்பலுக்கும் பொதுவான சொற்கள் உலகமெங்கும் உண்டு. அவற்றில் ஒன்றை இன்று பார்ப்போம்.

மரக்கப்பலின் தளத்தைத் தாங்குவது குறுக்கு உத்தரம். அது கப்பலின் பக்கத்தைச் சந்திக்கும் மூலைதான், அலை முறுக்கும்போது முதலில் கழரப் பார்க்கும். அதைப் பிடித்து வைக்க, மடித்த காலைப்போல் வளைந்த ஒரு மரத்தை இரண்டோடும் சேர்த்து இறுக்கினார்கள். ஆங்கிலேயர் அதை 'முழங்கால்' என்றே அழைத்தார்கள். ஒல்லாந்தரும் அப்படியே. வீட்டில் தூணும் உத்தரமும் சேருமிடத்தில் சாய்வாக வைக்கும் கட்டைக்கும் ஆங்கிலத்தில் அதே பெயர்தான். தமிழிலும் பாருங்கள்: 'முட்டு' என்றால் முழங்கால், முட்டு என்றால் தாங்குகட்டையும்தான்!

இந்த முட்டை நேரான பலகையில் வளைவாக அறுத்தெடுத்தால், மரத்தின் நார் குறுக்கே வெட்டுப்படும். பாரம் ஏறினால் பிளக்கும். அதனால் அடிமரத்திலிருந்து கிளை பிரியும் இடத்தைத் தேடி வெட்டினார்கள். காட்டுக்குள் நெருங்கி நிற்கும் ஓக் மரம் நேராக உயரும். வயல் வேலியோரம் தனித்து நிற்பதுதான் கிளை பரப்பிக் கோணலாக வளரும். கப்பல் கட்டுபவர்கள் தேடியலைந்தது அந்தக் கோணல் மரத்தைத்தான்.

18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அப்படிப்பட்ட மரம் அரிதாகியது. கிழக்கிந்தியக் கம்பனியின் கப்பல்களை மேற்பார்வை செய்த கேப்ரியல் ஸ்னாட்கிராஸ், இரும்பு முட்டுகளைப் பயன்படுத்த வேண்டுமென்று வலியுறுத்தினார். ஓக் தட்டுப்பாடு பிரித்தானியக் கடற்படையை மலபார்த் தேக்கிடமும் பம்பாயின் பார்சிக் கப்பல் கட்டுநர்களிடமும் கொண்டுவந்து சேர்த்தது. வாடியா குடும்பத்தார் தேக்கில் கட்டிய ஒரு போர்க்கப்பல் 1817 ஒக்டோபர் 12இல் அங்கு நீரில் இறங்கியது. அதன் பெயர் 'டிரிங்கோமலி'. 1782இல் எமது திருகோணமலைக்கு அருகே நடந்த கடற்போரின் நினைவாக வைத்த பெயர் அது. இங்கிலாந்தின் ஹார்ட்ல்பூலில் அது இன்றும் மிதக்கிறது.

இன்றைய உருக்குக் கப்பலில் அந்த மூலையைப் பிடிப்பது ஒட்டுவேலை செய்த ஒரு தகடு. மரம் போய்விட்டது, வளைவும் போய்விட்டது. ஆனாலும் அதன் ஆங்கிலப் பெயர் இன்னும் முழங்கால்தான்.

எமது கரைகளிலும் மரத் தோணிகளின் இடத்தை பைபர் வள்ளங்கள் பிடித்துக்கொண்டன. தோணியின் ஒவ்வொரு கட்டைக்கும் பெயர் தெரிந்த ஓடாவிமார் இப்போது ஊருக்கு எத்தனை பேர்? வரலாறு படிக்கும் பிள்ளைகளை ஒரு கொப்பியோடு அவர்களிடம் அனுப்புவோம். பொருள் போனாலும் சொல் நிற்கும். ஆனால் அதைக் கேட்டு எழுதி வைக்க யாராவது வேண்டும்.