காதலுக்கும் கடல், கண்ணீருக்கும் கடல்... தமிழ் சினிமாவில் கடற்கரை சொல்வது என்ன?

சென்னையிலிருந்து ஈ.சி.ஆரில் சுமார் 40 கி.மீ. போனால் கோவளம். ஒரு பக்கம் 2021-ல் நீலக்கொடி சான்று பெற்ற கடற்கரை, இன்னொரு பக்கம் படகும் வலையுமாக மீனவக் குப்பம். தமிழ் சினிமாவின் கடற்கரைக்கும் இதே இரண்டு முகம்தான். எப்படி? பார்க்கலாம்.

காதலர்கள் ஏன் கடற்கரைக்கே ஓடுகிறார்கள்?

ஊருக்குள் சாதி, மதம், சொந்தபந்தம்னு ஆயிரம் கண்கள். ஊர் முடிகிற இடம் கடற்கரை. பாரதிராஜாவின் 'அலைகள் ஓய்வதில்லை' (1981) படத்தில் இந்துப் பையனும் கிறிஸ்தவப் பெண்ணும் காதலிப்பது கடலோர கிராமத்தில். கடைசியில் அவன் பூணூலையும் அவள் சிலுவையையும் கழற்றிவிடுகிறார்கள். அங்கே கடல் என்றால் விடுதலை.

சோகத்துக்கும் கடல்தானா?

ஆமாம், இது சங்க காலத்துப் பழக்கம். கடலும் கடல் சார்ந்த இடமும் நெய்தல் திணை. அதன் உரிப்பொருள் இரங்கல், அதாவது பிரிந்தவரை எண்ணி வருந்துவது. பொழுது 'எற்பாடு', சூரியன் சாயும் நேரம். சீனு ராமசாமியின் 'நீர்ப்பறவை' (2012) படத்தில் கடலுக்குப் போன மீனவக் கணவனை நினைத்து வாழும் எஸ்தர், நெய்தல் தலைவியின் இன்றைய வடிவம் என்றே சொல்லலாம்.

மீனவர்களுக்கு கடற்கரை என்ன?

வேலை செய்யும் இடம், வீட்டு வாசல், வலை காயும் களம். எம்.ஜி.ஆரின் 'படகோட்டி' (1964) மீனவர்களை மோதவிட்டு லாபம் பார்ப்பவர்களைக் காட்டியது. வெற்றிமாறனின் 'வட சென்னை' (2018) இன்னொரு படி மேலே போய், 'இந்த மண் யாருக்கு?' என்று கேட்டது. வளர்ச்சி என்ற பெயரில் குப்பத்தை அகற்றப் பார்ப்பவர்களை எதிர்த்து நிற்பதுதான் ராஜனின் அரசியல்.

இதில் கவனிக்க வேண்டியது என்ன?

டூயட் பாடலில் வரும் கடற்கரை பெரும்பாலும் காலியாகவே இருக்கும். படகு இருந்தாலும் அது ஹீரோயின் சாய்ந்து நிற்கத்தான். படகுக்காரர் ஃப்ரேமில் இருக்க மாட்டார். ஆனால் நிஜக் கடற்கரை காலி மனை இல்லை. கோவளத்தில் சூரிய உதயம் பார்க்கப் போகிறவர்களுக்கு முன்பே, அங்கே மீனவர்களின் வேலை தொடங்கிவிடுகிறது. அடுத்த முறை திரையில் கடல் வந்தால், கரையில் யார் நிற்கிறார்கள், யார் இல்லை என்று பாருங்கள். படம் யார் பக்கம் என்பது அதிலேயே தெரிந்துவிடும்.